விட்டுப்போன பதினாறு பக்கம்

அத்தியாயம் பதினொன்று

"அப்பாவிடம் சொல்லித் தொலைக்க வேண்டியதுதானே, இதற்கு ஏன் இத்தனை வாரம் இழுக்கிறீர்கள்?" என்று வாசகர்கள் சிலர் என்னைக் கோபித்துக்கொண்டிருக்கிறார்கள். சொல்வது சுலபம். அவர் உங்கள் அப்பாவாக இருந்தால் தெரியும்.

இடையில் ஒரு வாரம் விட்டவர்களுக்காகச் சுருக்கமாக: நம் புரொபசர் எழுதியது மூன்றே புத்தகங்கள். முதலாவது விமர்சனக் கலை பற்றி. இரண்டாவது கவிதைகளுக்கு வரையப்படும் படங்களைப் பற்றி. அதில் இருக்கும் படங்கள் எல்லாம் காலமாகிவிட்ட அவர் மனைவி வரைந்தவை. மூன்றாவது ஜெர்மன் நாவல்களைப் பற்றி. பேரும் புகழும் கொடுத்தது அதுதான். மூன்றையும் ஒரே தொகுப்பாக்கி வெளியிடுவதென்று மகன் தலைகீழாக நின்றுகொண்டிருக்கிறான்.

புரொபசருக்குக் கண் போய்விட்டது. எதிரில் யாரோ நிற்கிறார்கள் என்பது தெரியும், யார் என்று தெரியாது. அதனால் ப்ரூஃபை மகள்தான் வாசித்துக் காட்டுகிறாள். அவள் நர்ஸ்களுக்கு ஜெர்மன் சொல்லிக்கொடுக்கும் டீச்சர். அவளிடம் படித்துவிட்டு அந்த நாட்டுக்கு வேலைக்குப் போன பெண் ஒருத்தி, நன்றிக்கு அடையாளமாக ஒரு பழைய நாவலை அனுப்பிவைத்தாள். அப்பாவின் மூன்றாவது புத்தகத்தின் கடைசி அத்தியாயம் முழுக்க எந்த நாவலைப் பற்றியதோ, அதே நாவல்.

அதில் பதினாறு பக்கம் கூடுதலாக இருந்தது.

கூடுதல் என்று சொன்னால் தப்பு. அப்பா படித்த நூலகப் பிரதியில் அந்தப் பதினாறு பக்கம் இல்லை. அச்சகத்தில் ஒரு ஃபாரம் என்பார்களே, மடித்துத் தைக்கிற ஒரு கட்டு, அதுதான் கடைசியில் விட்டுப்போயிருக்கிறது. எந்தக் காலத்து பைண்டரோ, என்ன அவசரமோ.

நாவலில், வீட்டை விட்டு ஓடிய மகன் பல வருடம் கழித்துத் திரும்பி வந்து கதவில் கை வைக்கிறான். அப்பா படித்த பிரதியின் கடைசிப் பக்கம் அங்கே ஒரு முற்றுப்புள்ளியோடு முடிந்து தொலைத்தது. அரை வாக்கியத்தில் நின்றிருந்தால் யாருக்கும் சந்தேகம் வந்திருக்கும். நம்மவர் சந்தேகப்படவில்லை. 'திறக்காத கதவு' என்று ஓர் அத்தியாயமே எழுதினார். கடைசியில் 'முற்றும்' என்று கூடப் போடாத துணிச்சலுக்குத் தனியாக ஒரு பத்தி பாராட்டு வேறு.

மற்றவர்கள் அந்த நாவலைப் பற்றி எழுதியதை ஒரு தடவை புரட்டியிருந்தால் விஷயம் வெளியே வந்திருக்கும். ஆனால் அடுத்தவன் கருத்தை எட்டிப் பார்ப்பதில்லை என்பதில் அவருக்கு ஒரு பெருமை.

இதுவரை நடந்தது இவ்வளவுதான். இனி இன்றைய நாள்.

காலையில் புரொபசர் நல்ல மூடில் இருந்தார். அதுதான் மகளுக்குப் பயம்.

"இன்னைக்குக் கடைசி அத்தியாயம்தானே?" என்றார், டீ டம்ளரைத் தடவிப் பிடித்துக்கொண்டு. "அதை நிதானமா வாசிக்கணும். நீ கிளாசுக்கு ஓடற அவசரத்துல வேண்டாம். சாயங்காலம் வந்து வாசி."

"சரிப்பா."

"உன் அண்ணன் மாமாவைக் கூப்பிட்டானா?"

"கூப்பிட்டான்பா. யோசிச்சுச் சொல்றேன்னாராம்."

"யோசிக்கட்டும். அவன் பேசினாத்தான் வெளியீட்டு விழா நிறையும்."

மாமா என்பது அம்மாவின் தம்பி. அவரும் ஒரு காலத்தில் விமர்சகர்தான். ஒரு நாவலுக்கு மதிப்புரை எழுதியபோது அதன் கடைசிப் பகுதியைப் படிக்காமலே எழுதிவிட்டார். யாரும் கவனிக்கவில்லை, அவருடைய அத்தானைத் தவிர. புரொபசர் தன் முதல் புத்தகத்தில், பெயர் சொல்லாமல், ஆனால் ஊருக்கே புரிகிற மாதிரி, இதை வைத்து ஓர் அத்தியாயம் எழுதினார். முழுசாகப் படிக்காதவனுக்கு வாய் திறக்க உரிமை இல்லை என்று ஒரே போடாகப் போட்டார்.

மாமா அதற்குப் பிறகு ஒரு வரி எழுதவில்லை. மருந்துக்கடை வைத்தார். புரொபசர் இல்லாத நேரம் பார்த்து வந்து அக்காவோடு பேசிவிட்டுப் போவார். அக்கா செத்தபோது வந்தார், வாசலிலேயே நின்றார், போய்விட்டார்.

"நான் கொஞ்சம் அதிகமாத்தான் எழுதிட்டேன்" என்றார் புரொபசர். "ஆனா தப்பா எழுதல. அது அவனுக்கும் தெரியும்."

மகள் பையை எடுத்துக்கொண்டு கிளம்பினாள். இன்னும் ஒரு நிமிடம் இருந்தால் அழுதுவிடுவாள் என்று அவளுக்குத் தெரிந்திருந்தது.

அவள் பாடம் எடுக்கிற அறை ஒரு கண்ணாடிக் கடைக்கு மேலே இருக்கிறது. அன்று நர்ஸ்களுக்கு நோயாளியிடம் கெட்ட செய்தி சொல்வது எப்படி என்பது பாடம். 'உட்காருங்கள்', 'உங்களிடம் ஒன்று சொல்ல வேண்டும்', 'கூட யாராவது இருக்கிறார்களா'. முப்பது பெண்கள் கோரஸாக ஜெர்மனில் சொன்னார்கள். பாடப் புத்தகம் போட்டவர்களுக்கு நேரம் காலம் தெரியாது.

மதியம் வகுப்பு முடிந்து இறங்கும்போது அண்ணன் படிக்கட்டில் நின்றுகொண்டிருந்தான். சட்டையில் மை. சரக்கு ஏற்றுமதி ஆபீசில் கிளார்க் அவன். இந்தப் புத்தகத்துக்காக லீவு போட்டுவிட்டு அச்சகத்திலேயே குடியிருக்கிறான். அப்பா எழுதியதில் அட்டையைத் தவிர வேறு எதையும் அவன் படித்தது கிடையாது.

"சொல்லிட்டியா?"

"இல்லை. சாயங்காலம் சொல்றேன்."

"எதுக்கு?"

"எதுக்குன்னா? தப்புன்னு தெரிஞ்சும் அச்சடிக்கிறதா?"

"தெரிஞ்சது உனக்கும் எனக்கும். இந்த ஊர்ல அந்த ஜெர்மன் நாவலை எடுத்து வெச்சுக்கிட்டு யாரு பக்கம் பக்கமா ஒத்துப் பார்க்கப் போறான்? உன் நர்ஸுங்களா?"

"ஒருத்தராவது பார்ப்பாங்கண்ணா."

"பார்க்கட்டும். அப்பா போனதுக்கப்புறம் பார்க்கட்டும்." அவன் குரல் இறங்கியது. "இத பாரு. எனக்குப் படிப்பு ஏறல. அந்த வீட்டுல நாற்பது வருஷமா நான் ஒரு நாற்காலி மாதிரி இருந்தேன். போன மாசம்தான் அவர் என் கையைப் பிடிச்சு 'இதை முடிச்சுடுவியாடா'ன்னு கேட்டார். முடிச்சுடறேன்னு சொல்லியிருக்கேன்."

மகளுக்கு அண்ணனைப் பார்க்கப் பாவமாக இருந்தது. அப்பாவை நினைத்தால் அதைவிடப் பாவமாக இருந்தது. இரண்டு பாவத்துக்கும் நடுவில் மாட்டிக்கொண்டாள்.

"நீ அச்சுக்கு ஃபைலை மட்டும் அனுப்பாதே. நான் பேசிட்டுச் சொல்றேன்."

அவன் வேறு பக்கம் பார்த்துக்கொண்டு, "சரி, பேசு" என்றான்.

சாயங்காலம் ஜன்னல் பக்கத்து நாற்காலியில் புரொபசர் தயாராக உட்கார்ந்திருந்தார். தலை வாரியிருந்தார். யாரோ கச்சேரிக்குப் போகிறவர் மாதிரி இருந்தது.

அவள் வாசித்தாள். ஒவ்வொரு வாக்கியத்துக்கும் அவர் உதடு கூடவே அசைந்தது. எல்லாம் மனப்பாடம். கதவில் கை வைத்தபடி நாவலாசிரியர் தன் நாயகனை விட்டுவிட்டுப் போகிறார் என்று ஒரு வரி வந்தது. திரும்பி வருவது என்பது நடக்காத காரியம், அதைச் சொல்லும் நேர்மை இந்த நாவலுக்கு இருக்கிறது என்று அடுத்த வரி.

முடித்துவிட்டு அவள் தாள்களை அடுக்கினாள்.

"கடைசிப் பத்தியை ஏன் ஓட்டிட்டே?" என்றார் அவர்.

"இல்லையேப்பா."

"உனக்குப் பிடிக்காத இடம் வந்தா வேகமா வாசிப்பே. சின்ன வயசிலேயே அப்படித்தான். என்ன பிடிக்கல, சொல்லு. நான் ஒண்ணும் கடிச்சுத் திங்க மாட்டேன்."

காலையிலிருந்து ஒத்திகை பார்த்த வாக்கியங்கள் ஒன்றும் வாயில் வரவில்லை. அவள் அப்படியே போட்டு உடைத்தாள்.

"அப்பா, நாவல் அங்க முடியல. நீங்க படிச்ச பிரதியில கடைசி ஃபாரம் இல்லப்பா. எங்கிட்ட முழுப் பிரதி இருக்கு."

அவர் முதலில் சிரித்தார். பிறகு எந்த வருடத்துப் பதிப்பு என்று கேட்டார். கடைசிப் பக்க எண் கேட்டார். பின்னால் வந்த பதிப்பில் யாராவது சேர்த்திருக்கலாமே என்றார். இல்லப்பா, முதல் பதிப்பிலிருந்தே இருக்கு, விசாரிச்சுட்டேன் என்றாள். அத்தியாயம் அங்கே முடிகிறதா என்றார். இல்லப்பா, அடுத்த பக்கத்துல அதே அத்தியாயம்தான் தொடருது என்றாள். கேள்விகள் குறைந்துகொண்டே வந்தன, கடைசியில் நின்றுவிட்டன.

"வாசி."

அவள் உள்ளே போய் நாவலை எடுத்துவந்து வாசிக்க ஆரம்பித்தாள். இரண்டு வாக்கியம் போயிருக்கும். அவர் கையைத் தூக்கினார்.

"எனக்குப் புரியல."

அவளுக்கு அப்போதுதான் உறைத்தது. அப்பா ஜெர்மன் கற்றது புத்தகத்திலிருந்து, தனியாக, கண்ணால். அந்த மொழியை யாரும் பேசி அவர் கேட்டதே இல்லை. கண் போனதோடு அவருடைய ஜெர்மனும் போய்விட்டது. அவள் சரியான உச்சரிப்பில் வாசித்தது அவருக்கு வெறும் சத்தமாக இருந்தது.

"தமிழ்ல சொல்லு. எதையும் அழகுபடுத்தாதே."

அவள் வரிவரியாகச் சொன்னாள். கதவு திறக்கிறது. தங்கை நிற்கிறாள். அண்ணனைப் பார்க்கிறாள். 'ஷூவைக் கழட்டிட்டு வா, இப்பதான் தரையைத் துடைச்சேன்' என்கிறாள். அவன் கழற்றுகிறான். உள்ளே அவர்களுடைய அப்பா படுத்திருக்கிறார். வந்தது யார் என்று அவருக்குத் தெரியவில்லை. குளிர் அடிக்கிறது, கதவைச் சாத்து என்கிறார். அவன் போய்ச் சாத்திவிட்டு வந்து அவர் கால்மாட்டில் உட்காருகிறான். யாரும் யாரையும் எதுவும் கேட்பதில்லை. தங்கை மூன்று தட்டு எடுத்து வைக்கிறாள். சாப்பிடுகிறார்கள்.

பதினாறு பக்கமும் இப்படித்தான் போனது. சாப்பாட்டோடு நாவல் முடிந்தது.

புரொபசர் கையை நீட்டி நாவலை வாங்கி, கடைசிப் பக்கத்தைத் தடவினார்.

"அந்தத் தரையைத் துடைச்சது" என்றார் பிறகு. "அந்த ஒரு வரியை எழுதறதுக்காகத்தான் அவ்வளவு பெரிய நாவலை எழுதியிருக்கான். எவ்வளவு நல்லா இருக்கு."

"அப்பா…"

"நான் அதுக்கு நேர் எதிரா, திரும்பி வர முடியாதுன்னு, பசங்களுக்குப் பாடம் நடத்தினேன். பரீட்சையில கேள்வி கேட்டேன். கதவு திறக்கும்னு ஒருத்தன் எழுதியிருந்தா மார்க் குறைச்சிருப்பேன்." அவர் கண்ணைத் துடைத்துக்கொண்டார். "எழுது. நான் சொல்றதை உங்க அண்ணன்கிட்ட சொல்லணும். மூணாவது புத்தகம் வேண்டாம். எடுத்துடச் சொல்லு."

"திருத்தி எழுதலாம்பா. நான் எழுதறேன், நீங்க சொல்லுங்க."

"எதைத் திருத்தறது? மத்த நாவலையெல்லாம் நான் இந்த முடிவை வெச்சுத்தான் அளந்திருக்கேன். அளவுகோலே தப்பு." கொஞ்சம் நிறுத்தினார். "முதல் புத்தகமும் வேண்டாம்."

"அதுல என்னப்பா இருக்கு?"

"அதுல உங்க மாமா இருக்கான்."

அவள் தாள்களை மறுபடி அடுக்கினாள்.

"ரெண்டாவதுல என் எழுத்தை எடுத்துட்டு உங்க அம்மா வரைஞ்ச படத்தை மட்டும் போடச் சொல்லு. அதை வாங்கினவங்க எல்லாரும் படத்துக்காகத்தான் வாங்கினாங்க. எனக்கு அது அப்பவே தெரியும், காட்டிக்கல."

ஒரு வாழ்நாள் வேலையை அவர் ஐந்து நிமிடத்தில் கழித்துக்கட்டிவிட்டார். அடுத்தவர் புத்தகங்களுக்குக் காட்டாத தாட்சண்யத்தைத் தன் புத்தகத்துக்கும் காட்டவில்லை. மகள் அவர் முழங்காலைப் பிடித்துக்கொண்டு அழுதாள். சொல்லியிருக்கவே கூடாது என்று தோன்றியது. சொல்லாமல் இருந்திருக்கவும் முடியாது என்று தோன்றியது. எந்தப் பக்கம் திரும்பினாலும் சுவராக இருந்தது.

அப்போதுதான் அண்ணன் வந்தான். கையில் பெரிய தாள் சுருள், முகம் கொள்ளாத சிரிப்பு.

"அப்பா, கையை நீட்டுங்க."

நீட்டினார். அவன் ஓர் அச்சடித்த தாளை விரித்து அவர் மடியில் வைத்தான். புது மை வாசனை அறை முழுக்க வந்தது. புரொபசரின் விரல்கள் காகிதத்தில் ஓடின.

"இது என்னடா?"

"உங்க புத்தகம்தான்பா. சூடா இருக்கு பாருங்க. பாதி ஓடியாச்சு, மீதி ராத்திரிக்குள்ள முடிஞ்சுடும். நாளைக்கு பைண்டிங்."

மகள் எழுந்து நின்றாள். "ஃபைலை அனுப்பாதேன்னு சொன்னேனேண்ணா!"

அவன் அவளைப் பார்க்கவில்லை. "உன்னைப் பார்க்க வர்றதுக்கு முன்னாடியே அனுப்பிட்டேன்."

"படிக்கட்டுல நின்னு சரின்னு சொன்னியே!"

"பேசுன்னுதான் சொன்னேன். அனுப்பலைன்னு சொன்னேனா?" அப்போதுதான் அவன் அப்பாவின் முகத்தைச் சரியாகப் பார்த்தான். தங்கையின் கண்ணையும் பார்த்தான். விஷயம் புரிந்தது. "சொல்லிட்டாளாப்பா?"

"சொல்லிட்டா. நிறுத்த முடியுமாடா?"

"மூணாவது புத்தகத்தைத்தான்பா முதல்ல ஓட்டினோம். உங்களுக்குப் பிடிச்சதுன்னு நான்தான் சொல்லி முதல்ல போடச் சொன்னேன்." அவன் குரல் உடைந்தது. "வேணும்னா எல்லாத்தையும் கிழிச்சுப் போட்டுடறேன். இப்பவே போறேன்."

போயிருப்பான். அவர் அவன் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டார். மணிக்கட்டு எங்கே என்று தெரியாமல் முதலில் சட்டைக் கையைப் பிடித்தார், பிறகு கீழே தேடிப் பிடித்தார்.

"நீ உன் வேலையை ஒழுங்காத்தான் செஞ்சிருக்கே. அச்சு நல்லா வந்திருக்கு, விரலுக்கே தெரியுது. தப்பு பூரா என்னோடது."

இந்த ஒரு வார்த்தைக்காக அவன் நாற்பது வருடம் காத்திருந்தான். கிடைத்த நாளில் அதை வைத்துக்கொண்டு என்ன செய்வதென்று அவனுக்குத் தெரியவில்லை. தரையில் உட்கார்ந்துவிட்டான்.

"மாமா வர ஒத்துக்கிட்டார்பா" என்றான், வேறு எதுவும் சொல்லத் தோன்றாமல். "மதியம் போன் பண்ணினார். விழாவுக்கு வந்து பேசறாராம்."

புரொபசர் நிமிர்ந்தார்.

"அவனுக்குப் போன் போடு. அவன் புத்தகத்தைப் பார்க்கறதுக்கு முன்னாடி நானே சொல்லிடணும். அது ஒண்ணுதான் இப்ப என்னால முடியும்."

மகள் எண்ணைப் போட்டு ஸ்பீக்கரில் வைத்தாள். மணி அடித்தது. மருந்துக்கடையில் யாரோ மாத்திரை கேட்கிற சத்தம், பிறகு மாமாவின் குரல்.

"சொல்லும்மா."

"நான் பேசறேன்" என்றார் புரொபசர்.

அந்தப் பக்கம் கல்லாப்பெட்டி மூடுகிற சத்தம். "சொல்லுங்க அத்தான்."

எத்தனையோ மேடையில் குறிப்பில்லாமல் பேசியவர், இந்த நாலு வாக்கியத்துக்குத் திணறினார். கடைசிப் பக்கங்கள் இல்லாத பிரதியைப் படித்து எழுதிவிட்டதைச் சொன்னார். உன்னைச் சொன்ன வாயால் என்னையும் சொல்லிக்கொள்ள வேண்டியிருக்கிறது என்றார். மன்னிப்பு என்ற வார்த்தையையும் சொன்னார். பிள்ளைகள் இருவரும் அந்த வார்த்தையை அவர் வாயிலிருந்து அதுவரை கேட்டதில்லை.

"தெரியும் அத்தான்" என்றார் மாமா.

"என்ன தெரியும்?"

"கதவு திறக்கும்னு தெரியும். உங்க மூணாவது புத்தகம் வந்த புதுசுலேயே அந்த நாவலை வெளிநாட்டுலேர்ந்து வரவழைச்சேன். ஏதாவது தப்பு கிடைக்காதான்னு ஆத்திரத்துலதான் வரவழைச்சேன், பொய் சொல்லல. அகராதியை வெச்சுக்கிட்டு ஒரு வருஷம் படிச்சேன். கிடைச்சுது. பத்திரிகைக்குக் கட்டுரை கூட எழுதிட்டேன்."

"ஏன் போடல?"

"அக்காகிட்ட காட்டினேன்."

புரொபசரின் கை மடியில் இருந்த தாளை இறுக்கிப் பிடித்தது.

"அவளுக்குத் தெரியுமா?"

"முழுசாப் படிச்சா. ரெண்டு தடவை படிச்சா. அப்புறம் அதை என் கண் முன்னாடியே கிழிச்சுட்டு, 'இதைத் தாங்க மாட்டார்டா, விட்டுடு'ன்னா. நான் விட்டுட்டேன். உங்களுக்காக இல்ல."

"ஒவ்வொரு கூட்டத்துக்கும் வந்தாளே" என்றார் புரொபசர். யாரிடம் சொல்கிறார் என்று தெரியவில்லை. "அந்தக் கதவைப் பத்தி நான் பேசறப்பல்லாம் முதல் வரிசையில உட்கார்ந்திருந்தாளே."

"ஆமா. நானும் ஒரு தடவை பின்னாடி நின்னு பார்த்தேன். எல்லாரையும் முந்திக்கிட்டு அக்காதான் கை தட்டினா."

மகள் ஸ்பீக்கரை அணைக்கப் போனாள். அவர் வேண்டாம் என்று தலையசைத்தார்.

மருந்துக்கடையில் யாரோ மீதிச் சில்லறை கேட்டார்கள். மாமா கொடுத்து அனுப்பிவிட்டு மறுபடி போனுக்கு வந்தார். அவர் குரலில் கோபம் இல்லை. இருந்திருந்தால் எல்லோருக்கும் கொஞ்சம் வசதியாக இருந்திருக்கும்.

"விழாவுக்கு வரேன்னு சொல்லிட்டேன், வந்துடுவேன். அத்தனை பேர் முன்னாடி அந்த அத்தியாயத்தைப் பத்தி நான் ஏதாவது சொல்லியே ஆகணும். நிஜத்தைச் சொல்லவா, அக்கா மாதிரி கை தட்டவா? நீங்களே சொல்லிடுங்க அத்தான். நீங்க சொல்றபடி பேசறேன்."

பிள்ளைகள் இருவரும் அப்பாவையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். அவர் மடியில் கசங்கியிருந்த தாளை நீவிக்கொண்டிருந்தார். மாமா அந்தப் பக்கம் போனை வைக்காமல் காத்துக்கொண்டிருந்தார்.

(தொடரும்)